எழுதியவர் இல்லை, மூலநிரலும் இல்லை: பழைய ஃபாக்ஸ்புரோ கணக்கு குறித்து நீலகிரித் தேயிலை அலுவலகங்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

குன்னூர், கோத்தகிரி, மஞ்சூர் பக்கத்துத் தேயிலைத் தொழிற்சாலைகளின் கணினிகளைப் பல ஆண்டுகளாகப் பார்த்து வருகிறேன். பசுந்தேயிலை எடை, முன்பணம், பிடித்தம், மாதப் பட்டுவாடா எல்லாம் 1990களில் யாரோ ஒருவர் தனியாக உட்கார்ந்து எழுதிய ஃபாக்ஸ்புரோ அல்லது கிளிப்பர் (அந்தக் காலத்துத் தரவுத்தள மென்பொருள்கள்) நிரலில் இன்னமும் ஓடுகிற அலுவலகங்கள் இருக்கின்றன. எழுதியவர் ஊரை விட்டுப் போயிருப்பார், அல்லது இறந்திருப்பார். கணினி நின்றுபோகும் நாளில்தான் பதற்றம் தொடங்குகிறது. அந்தப் பதற்றத்தில் என்னிடம் வரும் கேள்விகள் இவை.

எங்களிடம் இஎக்ஸ்இ கோப்பு (ஓடும் நிரல்) மட்டும்தான் இருக்கிறது. இருபத்தைந்து ஆண்டுக் கணக்கும் அதற்குள் மாட்டிக்கொண்டதா?

இல்லை. முதலில் இதைத் தெரிந்துகொண்டு நிம்மதியாக மூச்சுவிடுங்கள். இஎக்ஸ்இ கோப்பில் இருப்பது கணக்குப் போடும் முறை மட்டுமே. கணக்கு அதே ஃபோல்டரில், டிபிஎஃப் என்று முடியும் கோப்புகளில் இருக்கிறது. இந்தக் கோப்பு வடிவம் 1980களின் தொடக்கத்தில் டிபேஸ் மென்பொருளோடு வந்தது. ஃபாக்ஸ்பேஸ், ஃபாக்ஸ்புரோ, கிளிப்பர் எல்லாம் அதையே எடுத்துக்கொண்டன. அதன் அமைப்பு ஊரறிந்தது. இலவசமாகக் கிடைக்கும் லிப்ரேஆபீஸ் கால்க் அதைத் திறந்துவிடும். பைத்தான் நிரல்மொழி தெரிந்த பிள்ளைகள் யாராவது இருந்தால் பத்து வரியில் எல்லாவற்றையும் வெளியே எடுத்துவிடுவார்கள்.

ஒரே ஒரு எச்சரிக்கை. மொத்த ஃபோல்டரையும் முதலில் நகலெடுங்கள், நகலை மட்டுமே திறங்கள். திறந்த கோப்பை அதே பெயரில் சேமித்துவிடாதீர்கள். புலத்தின் (பெயர், எடை போன்ற ஒவ்வொரு பத்தியின்) அகலம் மாறினால் பழைய நிரல் அந்தக் கோப்பை ஏற்க மறுக்கும்.

டிபிஎஃப் கோப்புக்குள் என்னதான் இருக்கிறது?

ஒரு முறை கண்ணால் பார்த்துவிட்டால் பயம் போய்விடும். முதல் 32 பைட்டுகள் கோப்பின் தலைப்பு. அதில் முதல் பைட் கோப்பின் வகை. மெமோ (நீண்ட குறிப்புக்கான புலம்) இல்லாத சாதாரணக் கோப்பாக இருந்தால் 3. அடுத்த மூன்று பைட்டுகளில் கடைசியாக மாற்றிய ஆண்டு, மாதம், நாள். அடுத்த நான்கில் பதிவுகளின் (ஒவ்வொரு சீட்டுக்கும் ஒரு வரி) எண்ணிக்கை. பிறகு தலைப்பின் நீளமும் ஒரு பதிவின் நீளமும் வரும். அதற்குப் பின் புலம் ஒன்றுக்கு 32 பைட் வீதம் புலங்களின் பெயரும் அகலமும். அதோடு முடிந்தது. மீதி முழுவதும் பதிவுகள்தான், ஒவ்வொன்றும் ஒரே நீளம், ஒன்றன்பின் ஒன்றாக.

ஒவ்வொரு பதிவின் முதல் எழுத்தையும் கவனியுங்கள். வெற்றிடமாக இருந்தால் பதிவு உயிரோடு இருக்கிறது. அங்கே ஒரு நட்சத்திரக் குறி இருந்தால் யாரோ அதை அழித்திருக்கிறார்கள். ஃபாக்ஸ்புரோவில் அழிப்பது என்றால் குறி வைப்பது மட்டுமே. ‘பேக்’ கட்டளை கொடுக்கும்வரை பதிவு அங்கேயே கிடக்கும். ரத்துசெய்த முன்பணச் சீட்டுகள் இப்படிக் குறியோடு கிடப்பதைப் பார்த்திருக்கிறேன். புதிய மென்பொருளுக்கு மாற்றுபவர் இந்தக் குறியைக் கவனிக்காவிட்டால், ஒரு விவசாயி ஏழு ஆண்டுக்கு முன் கட்டி முடித்த கடன் மறுபடி அவர் தலையில் ஏறிவிடும்.

மின்சாரம் போய் வந்த பிறகு கடைசி நாள் எடைகளைக் காணவில்லை. நிரலைப் பிரித்தால் (இஎக்ஸ்இயிலிருந்து, அவர் எழுதிய வடிவமான மூலநிரலைத் திரும்ப எடுத்தால்) கிடைக்குமா?

நிரலைத் தொடவே வேண்டாம். மழைக்காலத்தில் இங்கே இது அடிக்கடி நடக்கிறது. பதிவுகள் வட்டில் எழுதப்பட்டிருக்கும், ஆனால் தலைப்பில் உள்ள எண்ணிக்கையைத் திருத்துவதற்குள் மின்சாரம் போயிருக்கும். கணக்குப் போட்டே கண்டுபிடிக்கலாம்.

ஒன்பது புலங்கள் உள்ள எடைக் கோப்பு என்று வைத்துக்கொள்வோம். தலைப்பு 32, புலங்களுக்கு 288, முடிவுக் குறி 1, ஆக 321 பைட். ஒரு பதிவின் நீளம் 60. தலைப்பு 12,000 பதிவுகள் என்று சொல்கிறது. அப்படியானால் பதிவுகளுக்கு 7,20,000, தலைப்பு 321, கோப்பு முடிவுக்கு 1 என்று மொத்தம் 7,20,322 பைட் இருக்க வேண்டும். கோப்பின் உண்மையான அளவு 7,22,722 என்று காட்டினால்? 2,400 பைட் கூடுதல். அறுபதால் வகுத்தால் நாற்பது. உங்கள் நாற்பது எடைச் சீட்டுகளும் அங்கேயே இருக்கின்றன. நகல் கோப்பின் தலைப்பில் எண்ணிக்கையைத் திருத்தி, இண்டெக்ஸ் கோப்பை (பதிவுகளைத் தேட உதவும் வரிசைக் கோப்பு) புதிதாக உருவாக்கினால் திரும்பி வந்துவிடும். விஷுவல் ஃபாக்ஸ்புரோ கோப்புகளில் மட்டும் தலைப்பு 263 பைட் கூடுதலாக இருக்கும்.

திறந்தால் எண்கள் சரியாக இருக்கின்றன. விவசாயிகளின் பெயர்கள் மட்டும் புரியாத கிறுக்கலாக வருகின்றன. கோப்பு கெட்டுவிட்டதா?

கெடவில்லை. யுனிகோடு பரவுவதற்கு முன்பு தமிழ் எழுத்துருக்கள் ஆளுக்கொரு குறியீட்டில் இருந்தன. டாம், டாப், டிஸ்கி என்று பல. உங்கள் கோப்பு எந்த எழுத்துருவில் தட்டச்சு செய்யப்பட்டது என்று கண்டுபிடித்தால் யுனிகோடுக்கு மாற்றிவிடலாம். பழைய கணினியின் எழுத்துரு ஃபோல்டரை நகலெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். விடை அங்கேதான் இருக்கும்.

மாற்றும்போது வரிசையில் ஒரு சிக்கல் வரும். ‘கோத்தகிரி’ என்று எழுத, பழைய முறையில் கண்ணுக்குத் தெரியும் வரிசையிலேயே சேமிப்பார்கள்: முதலில் இரட்டைக்கொம்பு, பிறகு ககரம், பிறகு கால். யுனிகோடில் ககரம் முதலில் வந்து, ஓகாரக் குறி அதன்பின் ஒட்டும். எழுத்துக்கு எழுத்து மாற்றினால் மட்டும் போதாது, இடமும் மாற்ற வேண்டும். மாற்றிய பட்டியலை ஊரறிந்த ஒருவர் வாசித்துப் பார்க்க வேண்டும். ஒரே ஹட்டியில் (படுகர் ஊரில்) ஒரே பெயரில் நான்கு பேர் இருப்பார்கள். தகப்பனார் பெயரின் முதலெழுத்து மாறினால் பணம் வேறு வீட்டுக்குப் போய்விடும்.

அப்படியானால் நிரலைப் பிரித்துப் பார்க்க வேண்டிய தேவை எப்போதுதான் வருகிறது?

விதி தெரியாதபோது. கணக்கு கையில் இருக்கும், அந்தத் தொகை எப்படி வந்தது என்பது தெரியாது.

பசுந்தேயிலை விலைக்கு ஒரு பொது அடிப்படை உண்டு. 2003ஆம் ஆண்டின் தேயிலை விற்பனைக் கட்டுப்பாட்டு ஆணையின்படி, விற்பனைத் தொகையை விவசாயிக்கு 65, தொழிற்சாலைக்கு 35 என்று பங்கிடும் சூத்திரத்தைத் தேயிலை வாரியம் வைத்திருக்கிறது. மாதாமாதம் வாரியம் அறிவிக்கும் விலை அதிலிருந்து வருகிறது. ஆனால் அந்த விலை விவசாயியின் பாஸ்புக்கில் தொகையாக வந்து சேர்வதற்குள் ஈரக் கழிவு, லாரி வாடகை, உர முன்பணம், பைசா வெட்டு என்று பல படிகள் இருக்கின்றன. அவை ஒவ்வொரு தொழிற்சாலைக்கும் வேறு. அவற்றை எழுதி வைத்தவர் யாரும் இல்லை, நிரலுக்குள்தான் இருக்கின்றன.

ஒரு தொழிற்சாலையில் புதிய மென்பொருளுக்கு மாறினார்கள். அதே எடை, அதே விலை. ஆனால் ஒவ்வொருவர் கணக்கிலும் மாதத்துக்குப் பத்து, பன்னிரண்டு ரூபாய் கூடுதலாக வந்தது. புதிய நிரலில் பிழை என்று எல்லோரும் நினைத்தார்கள். பழைய நிரலைப் பிரித்துப் பார்த்ததும் ஒரே வரியில் விடை கிடைத்தது. பழையது ஒவ்வொரு நாள் தொகையிலும் பைசாவை அன்றன்றே வெட்டிவிட்டு, முழு ரூபாயை மட்டும் கூட்டியிருக்கிறது. கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. அச்சடித்த சீட்டில் பைசாவுக்கு இடமில்லாததால் நிரலை எழுதியவர் அப்படிச் செய்திருக்கிறார். நாளொன்றுக்குச் சராசரி ஐம்பது பைசா, மாதத்துக்கு இருபத்தைந்து நாள். ஒருவருக்கு இது சின்னத் தொகை. ஆயிரம் பேருக்குப் பல ஆண்டுகள் என்று பெருக்கிப் பாருங்கள். அன்று அந்த வரியைத் திரையில் பார்த்த நிமிடத்தை என்னால் மறக்க முடியாது. நிரலைப் பிரித்துப் பார்ப்பதை நான் முக்கியமான வேலையாகக் கருதுவதற்கு அந்த ஒரு வரியே காரணம்.

இஎக்ஸ்இ கோப்பிலிருந்து மூலநிரலைத் திரும்ப எடுப்பது எப்படிச் சாத்தியமாகிறது?

சி மொழியில் எழுதிய நிரல் நேரடியாக இயந்திர மொழியாக மாறிவிடும். அதைத் திரும்ப எடுப்பது பெரும்பாடு. ஃபாக்ஸ்புரோ அப்படியல்ல. அது நிரலைப் பி-கோடு என்ற சுருக்கக் குறிகளாக மட்டுமே மாற்றி வைக்கிறது. ஓடும்போது அந்தக் குறிகளை வாசித்து நிறைவேற்றுவது ரன்டைம் நூலகத்தின் வேலை. ஃபாக்ஸ்புரோவில் ஒரு மாறியின் பெயரையே சரமாகக் கொடுத்து, ஓடும் நேரத்தில் தேட முடியும். அதற்காகப் பெயர்கள் எல்லாம் கோப்புக்குள் அப்படியே இருந்தாக வேண்டும். ஆகவே டிகம்பைலர் என்னும் கருவி குறிகளைத் திரும்பக் கட்டளைகளாக்கி, பெயர்களோடு எழுதித் தந்துவிடுகிறது. ஃபாக்ஸ்புரோவுக்கு ரீஃபாக்ஸ் என்ற விலைக்கு விற்கும் கருவி நெடுங்காலமாகப் பெயர் பெற்றது.

முழுவதும் அப்படியே கிடைத்துவிடுமா?

குறிப்புரைகள் கிடைக்காது. ‘1997 உர விலை உயர்வுக்காக மாற்றியது’ என்று அவர் எழுதி வைத்திருந்தால் அது போனது போனதுதான். கிளிப்பரில் இன்னும் கொஞ்சம் இழப்பு உண்டு. லோக்கல் என்று அறிவித்த மாறிகளின் பெயர்கள் கோப்பில் நிற்பதில்லை, புலங்களின் பெயர்களும் செயற்கூறுகளின் பெயர்களும் நிற்கும். சிலர் தங்கள் நிரலைப் பிரிக்க முடியாதபடி பூட்டியும் வைத்திருப்பார்கள்.

டிகம்பைலர் இல்லாமல் வேறு வழி உண்டா?

உண்டு, இவற்றையெல்லாம் முடித்த பிறகே டிகம்பைலரைப் பற்றி நினையுங்கள் என்பேன்.

நிரல் இருக்கும் ஃபோல்டரை நிதானமாகப் பாருங்கள். பிஆர்ஜி என்று முடியும் கோப்பு கிடந்தால் அதுவே மூலநிரல். ஃபாக்ஸ்புரோவில் நிரலைத் திருத்தும்போதெல்லாம் பழைய வடிவம் பிஏகே கோப்பாக நிற்கும். பிஆர்ஜியைக் கவனமாக அழித்தவர்கள்கூட பிஏகேயை மறந்துவிட்டிருக்கிறார்கள். அறிக்கை வடிவங்கள் எஃப்ஆர்எக்ஸ் கோப்பில் இருக்கும். அந்தக் கோப்பே ஒரு டிபிஎஃப்தான், திறந்தால் சூத்திரங்கள் தெரியும்.

அடுத்து, எழுதியவர் வீட்டுக்குப் போங்கள். தொலைபேசியில் கேட்காதீர்கள், நேரில் போங்கள். ஒரு வீட்டில் பீரோவின் மேல்தட்டில், துணி சுற்றிய பிஸ்கெட் டப்பாவுக்குள் பதினெட்டு ஃபிளாப்பிகளை அவர் மனைவி பத்திரமாக வைத்திருந்தார். மூன்றரை அங்குல ஃபிளாப்பியை வாசிக்க யுஎஸ்பி டிரைவ் போதும். ஆனால் நம் மலை ஈரத்தில் தகட்டில் பூஞ்சை பிடித்திருக்கும். மூடியை நகர்த்தி வெளிச்சத்தில் பாருங்கள். வெண்புள்ளிகள் தெரிந்தால் டிரைவில் போடாதீர்கள். டிரைவின் வாசிக்கும் தலை அழுக்காகி அடுத்த ஃபிளாப்பியையும் கெடுத்துவிடும்.

கடைசி வழி, நிரலிடமே கேட்பது. நகலில் ஒரு பொய் விவசாயியை உருவாக்கி, பத்து கிலோ எடை, ஒரு ரூபாய் விலை, முன்பணம் இல்லை என்று கொடுத்து அறிக்கை எடுங்கள். பிறகு ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள். பொறுமையாக இரண்டு நாள் உட்கார்ந்தால் முக்கால்வாசி விதிகள் காகிதத்துக்கு வந்துவிடும்.

பிரித்துப் பார்ப்பது சட்டப்படி சரியா?

1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரலையும் இலக்கியப் படைப்பாகவே கொள்கிறது. அதன் 52ஆம் பிரிவில், நிரலை முறையாக வைத்திருப்பவருக்குச் சில விலக்குகள் உண்டு. காப்பு நகல் எடுக்கலாம். நிரல் எப்படி இயங்குகிறது என்று கவனித்து, ஆராய்ந்து, சோதித்துப் பார்க்கலாம். தனியாக எழுதப்பட்ட வேறொரு நிரல் இதோடு இணைந்து இயங்கத் தேவையான தகவல் வேறு வழியில் எளிதாகக் கிடைக்காவிட்டால், அதைப் பெறத் தேவையானதைச் செய்யலாம். உங்கள் கணக்கை உங்கள் புதிய மென்பொருளுக்குக் கொண்டுபோவது இந்த எல்லைக்குள் நிற்கக்கூடியது. பிரித்தெடுத்த நிரலைப் பெயர் மாற்றி அடுத்த தொழிற்சாலைக்கு விற்பது எந்த விலக்கிலும் அடங்காது.

எழுதியவர் இறந்ததும் உரிமை மறைந்துவிடுவதில்லை; அவர் இறந்த பிறகு 60 ஆண்டுகள் வாரிசுகளிடம் நிற்கிறது. அவர் உங்கள் சம்பளப் பட்டியலில் இருந்த ஊழியராக இருந்து, வேலையின் பகுதியாக எழுதியிருந்தால் உரிமை பொதுவாகத் தொழிற்சாலையுடையது. வெளியாளாக எழுதித் தந்திருந்தால், எழுத்தில் மாற்றித் தராதவரை அவருடையது. அதனால் வீட்டுக்குப் போகும்போது ஒரு அனுமதிக் கடிதமும் வாங்கிக்கொள்ளுங்கள், அதற்கு ஒரு தொகையும் கொடுங்கள். முப்பது ஆண்டு உங்கள் கணக்கைச் சுமந்த உழைப்பு அது. தகராறு இருந்தால் வழக்கறிஞரைப் பார்த்த பிறகே அடுத்த அடி.

டிகம்பைலரின் விலை கட்டுப்படியாகவில்லை. தெரிந்த பையன் கிராக் செய்ததை (உரிமப் பூட்டை உடைத்த கள்ள நகலை) பென் டிரைவில் தருகிறேன் என்கிறான். ஒரே ஒரு முறைதானே?

வேண்டாம். கெஞ்சிக் கேட்கிறேன், வேண்டாம்.

அந்தக் கோப்பு எப்படி வருகிறது என்று பாருங்கள். கடவுச்சொல் போட்ட ஜிப்பாக வரும், கடவுச்சொல்லையும் கூடவே எழுதியிருப்பார்கள். பூட்டிய ஜிப்புக்குள் ஆன்டிவைரஸால் பார்க்க முடியாது. அதற்காகவே அந்தப் பூட்டு. உள்ளே ‘முதலில் ஆன்டிவைரஸை நிறுத்துங்கள்’ என்று ஒரு குறிப்பு. பிறகு நிர்வாகி அனுமதியோடு இயக்கச் சொல்லும். காவல்காரரை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, சாவிக்கொத்தை முன்பின் தெரியாதவர் கையில் நீங்களே கொடுக்கிறீர்கள்.

2018 முதல் பரவிய ஸ்டாப் என்ற பணயத் தீநிரல் பெரும்பாலும் இத்தகைய கிராக், கீஜென் (போலி உரிம எண் உருவாக்கும் நிரல்) கோப்புகளில் ஒளிந்துதான் வந்தது. கோப்புகளைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும். இன்னொரு வகை சத்தமே போடாது. ரெட்லைன், விடார் போன்ற திருட்டு நிரல்கள் பிரவுசரில் சேமித்த கடவுச்சொற்களையும் குக்கீகளையும் அள்ளிக்கொண்டு போய்விடும். உங்கள் கணக்கர் அதே கணினியில்தானே வங்கிக் கணக்கையும் ஜிஎஸ்டி தளத்தையும் திறக்கிறார்? விவசாயிகளின் வங்கி எண்கள் எல்லாம் அதில்தானே இருக்கின்றன? தேயிலைத் தோட்டமே ஒரே வருமானமாக உள்ள குடும்பங்கள் அவை. ஒரு மாதப் பட்டுவாடா தவறினால் பள்ளிக் கட்டணம் நிற்கும், மளிகைக் கடன் ஏறும்.

தீநிரலே இல்லை என்று வைத்துக்கொண்டாலும், உடைத்த கருவி எழுதித் தரும் நிரல் சரியானதுதான் என்பதற்கு யார் பொறுப்பு? கழித்தல் குறி ஒன்று கூட்டலாக மாறியிருந்தால் அதை எந்தக் கண் கண்டுபிடிக்கும்? தெரிந்தே கள்ள நகலைப் பயன்படுத்தினால் அதே சட்டத்தின் 63பி பிரிவின்படி ஏழு நாள் முதல் மூன்று ஆண்டுவரை சிறையும், ஐம்பதாயிரம் முதல் இரண்டு லட்சம் ரூபாய்வரை அபராதமும் உண்டு.

டிகம்பைலருக்கு உரிமம் வாங்கியவரிடம் அந்த ஒரு வேலையை மட்டும் கூலிக்குக் கொடுங்கள். அல்லது நாலைந்து தொழிற்சாலைகள் ஒரே ஆளை அமர்த்திக்கொள்ளுங்கள்.

ஆன்டிவைரஸ் சத்தம் போட்டாலும் அது பொய் எச்சரிக்கை என்கிறார்களே?

கிராக் செய்த கோப்பைப் பற்றி இதை உறுதியாகச் சொல்ல அவர்களிடம் எந்த ஆதாரமும் இல்லை. எச்சரிக்கை வந்தால் நிறுத்துங்கள்.

இணையம் இல்லாத தனிக் கணினியில் போட்டுப் பார்த்தால்?

பிரித்தெடுத்த கோப்பை மறுபடி அலுவலகத்துக்குக் கொண்டுவர வேண்டுமே, எதில் கொண்டுவருவீர்கள்? அதே பென் டிரைவில்தான். உரிமம் உள்ள கருவிக்குத் தனிக் கணினி நல்ல பழக்கம். உடைத்த கருவிக்கு அது மருந்தாகாது.

ஏற்கெனவே இயக்கிவிட்டோம். இப்போது என்ன செய்வது?

நெட்வொர்க் கேபிளைப் பிடுங்குங்கள், வைஃபையை அணையுங்கள். பென் டிரைவ் எதையும் செருகாதீர்கள். வேறொரு சுத்தமான கணினியிலிருந்து வங்கி, மின்னஞ்சல், ஜிஎஸ்டி கடவுச்சொற்களை உடனே மாற்றுங்கள். திறந்திருக்கும் எல்லா இடங்களிலிருந்தும் வெளியேறுங்கள். பணம் போயிருந்தால் இணைய மோசடிப் புகாருக்கான 1930 எண்ணை அழையுங்கள், தாமதிக்கிற ஒவ்வொரு மணியும் கணக்கு. நிறுவனங்கள் இத்தகைய சம்பவங்களை ஆறு மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும் என்று செர்ட்-இன் (இந்திய அரசின் கணினிப் பாதுகாப்பு அமைப்பு) 2022இல் உத்தரவிட்டிருக்கிறது. கணினியை முழுவதும் அழித்து, விண்டோஸைப் புதிதாக நிறுவிய பிறகே மறுபடி பயன்படுத்துங்கள்.

ஆனால் கோப்புகள் பூட்டப்பட்டிருந்தால், முதலில் அவற்றை அழித்துவிடாதீர்கள், பணமும் கட்டிவிடாதீர்கள். ஸ்டாப் வகை தீநிரல் பெரிய கோப்புகளின் முதல் 150 கிலோபைட்டை மட்டுமே பூட்டுகிறது. டிபிஎஃப் பதிவுகள் ஒரே நீளம் என்று மேலே சொன்னேன் அல்லவா? அது இங்கே கைகொடுக்கும். அந்த 12,000 பதிவுக் கோப்பில் முதல் 2,500 சொச்சம் பதிவுகள் போனாலும், மீதியை அறுபது அறுபது பைட்டாக எண்ணிப் பிரித்தெடுக்கலாம்.

டாங்கிள் (நிரல் ஓடக் கணினியில் செருக வேண்டிய சாவிக் கருவி) தொலைந்துவிட்டது. அதைத் தாண்டிப் போக வழி இருக்கிறதா?

பூட்டை உடைப்பது பதிப்புரிமைச் சட்டத்தின் 65ஏ பிரிவுக்குள் வரக்கூடும். உரிமையாளரிடமோ வாரிசுகளிடமோ எழுத்தில் அனுமதி வாங்குங்கள். கணக்கு டிபிஎஃப்பில்தான் இருக்கிறது என்பதையும் மறக்காதீர்கள். அதற்கு டாங்கிள் தேவையில்லை.

எதையும் மாற்றாமல் பழைய நிரலையே ஓட்ட முடியாதா?

சில ஆண்டுகள் முடியும். விண்டோஸுக்கு முந்தைய டாஸ் காலத்து 16-பிட் நிரல்கள் 64-பிட் விண்டோஸில் ஓடாது. டாஸ்பாக்ஸ் போன்ற இலவச மென்பொருளுக்குள் ஓட்டலாம். ஃபாக்ஸ்புரோ 2.6 வேகமான கணினியில் ‘பூஜ்யத்தால் வகுத்தல்’ என்று பிழை காட்டி நின்றால் பயப்பட வேண்டாம். கணினியின் வேகத்தை அளக்கும் உள் கணக்கு அது. டாஸ்பாக்ஸில் வேகத்தைக் குறைத்தால் ஓடும். விஷுவல் ஃபாக்ஸ்புரோ 9க்கு மைக்ரோசாஃப்ட் 2015 ஜனவரியில் ஆதரவை முடித்துக்கொண்டது. 32-பிட் என்பதால் இன்றைய விண்டோஸிலும் அது ஓடுகிறது.

ஓட்டும் காலத்தில் காப்பு நகல் இரண்டு இடத்தில் இருக்கட்டும், ஒன்று மலைக்குக் கீழே. 2009 நவம்பர் மண்சரிவில் சாலைகள் துண்டிக்கப்பட்டதை யாரும் மறந்திருக்க மாட்டார்கள். மாதப் பட்டுவாடா முடிந்த அன்று மாலையே நகலெடுத்து, வேறொரு கணினியில் திறந்து, கடைசி விவசாயியின் கடைசி எடையை அச்சடித்த சீட்டோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டுத்தான் அலுவலகத்தைப் பூட்ட வேண்டும்.